ஐஸ்லாந்தில் பனியாறு ஏறப் போகிறீர்களா? கிளம்புமுன் இதைப் படியுங்கள்

பனியாற்றின் மேல் நடக்கப் போகிறேன் என்று சொன்னதும் வீட்டில் வந்த முதல் கேள்வி, "அதுக்கெல்லாம் டிரெய்னிங் எடுக்கணுமே?" என்பதுதான். எடுக்க வேண்டாம். பழனி மலைப் படியை நடுவில் இரண்டு இடத்தில் உட்கார்ந்து எழுந்தாவது ஏறி இறங்கிவிடுகிற ஒருவர், ஐஸ்லாந்தில் புதியவர்களுக்கென்று நடத்துகிற மூன்று மணி நேர நடையைத் தாராளமாக முடித்துவிடலாம். மூச்சு வாங்குவது அதில் பெரிய பிரச்சினையே இல்லை. தப்பான பேன்ட், பொருந்தாத ஷூ, தாமதமாகக் கிளம்பிய கார், என்ன பதிவு செய்தோம் என்றே தெரியாமல் போய் நிற்பது, இதெல்லாம்தான் பிரச்சினை. எங்கள் குழுவில் பதினொரு பேர் இருந்திருக்க வேண்டும், ஐஸ் மேல் ஏறியது ஒன்பது பேர். மற்ற இரண்டு பேரும் எங்களைவிட நல்ல உடல்வாகு உள்ள இளைஞர்கள்தான், ஆனால் கேன்வாஸ் ஷூ போட்டு வந்திருந்தார்கள், அவர்கள் அளவுக்கு வாடகை பூட்ஸ் அன்றைக்கு மிச்சமில்லை. அவ்வளவு தூரம் விமானம் ஏறி வந்து, கார் நிறுத்துமிடத்தில் நின்று எங்களுக்குக் கை ஆட்டினார்கள்.

அதனால் இந்தக் கட்டுரையில் பாதிக்கு மேல் ஐஸைத் தொடுவதற்கு முன்னால் செய்ய வேண்டிய வேலைகளைப் பற்றித்தான் இருக்கும். அதைச் சரியாகச் செய்துவிட்டால் மேலே நடப்பது சுலபம்.

பெயர்க் குழப்பத்தை முதலில் தீர்த்துவிடுகிறேன். செய்திகளில் கிளேசியரையும் பனிப்பாறை என்கிறார்கள், கடலில் மிதக்கிற ஐஸ்பெர்க்கையும் பனிப்பாறை என்கிறார்கள். பள்ளிப் புவியியல் புத்தகத்தில் படித்த 'பனியாறு' என்ற சொல்தான் இதற்குப் பொருத்தம், ஏனென்றால் இது நிஜமாகவே ஓடுகிறது, நம் கண்ணுக்குத் தெரியாத வேகத்தில். மலை உச்சியில் வருடக்கணக்கில் விழுந்த பனி தன் எடையாலேயே அழுந்தி ஐஸாகி, அந்த ஐஸ் கனம் தாங்காமல் பள்ளத்தாக்கு வழியாகக் கீழே இறங்குகிறது. வளைகிற இடத்திலும் சரிவு கூடுகிற இடத்திலும் பிளக்கிறது. ஐஸ்லாந்தின் நிலப்பரப்பில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு இப்படி ஐஸுக்கு அடியில்தான் கிடக்கிறது. அந்த ஊர் மொழியில் பனியாற்றுக்கு யோகுல் என்று பெயர் (கடைசி எழுத்தை 'ட்ல்' மாதிரி உச்சரிப்பார்கள், முயற்சி செய்து பார்த்தேன், நாக்கு ஒத்துழைக்கவில்லை). வரைபடத்தில் யோகுல் என்று முடிகிற எந்தப் பெயரைப் பார்த்தாலும் அது பனியாறு என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

வழிகாட்டி இல்லாமல் போகவே கூடாது. இதைத் தனியாகச் சொல்லக் காரணம், போய்ப் பார்த்தால் அங்கே கேட்டும் கிடையாது, வாட்ச்மேனும் கிடையாது. கார் நிறுத்துமிடத்திலிருந்து ஒரு பாதை நேராக ஐஸ் விளிம்புக்குப் போகும். ஸ்போர்ட்ஸ் ஷூவோடு நாலு பேர் அதில் ஏறி போட்டோ எடுத்துக்கொண்டிருப்பார்கள், நமக்கும் ஆசை வரும். ஐஸ் பிளவுகள் சில சமயம் மேலே படர்ந்த மெல்லிய பனியால் மூடியிருக்கும், மேலே இருந்து பார்த்தால் தரை மாதிரியே தெரியும். போன வாரம் நடந்த வழி இந்த வாரம் இல்லாமல் போகலாம். வழிகாட்டிகள் ஒவ்வொரு நாளும் அங்கே நடப்பதால், வழி மாறியது அவர்களுக்குத்தான் தெரியும்.

எந்த யோகுல்?

புதியவர்களுக்கு நடைமுறையில் இரண்டு இடம்தான். ஒன்று சோல்ஹெய்மாயோகுல், தலைநகர் ரெய்க்யவிக்கிலிருந்து சுமார் 160 கி.மீ., இரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட ஆகும். ஸ்கோகாஃபோஸ் அருவியைத் தாண்டி, விக் என்ற ஊருக்கு முன்னால் 1-ஆம் எண் சாலையிலிருந்து 221-ஆம் எண் சாலையில் உள்ளே திரும்பி நாலைந்து கி.மீ. போனால் வந்துவிடும். இன்னொன்று ஸ்காஃப்தாஃபெல், வாட்னயோகுல் தேசியப் பூங்காவுக்குள் இருக்கிறது, ரெய்க்யவிக்கிலிருந்து 320 கி.மீ.க்கு மேல், நிற்காமல் ஓட்டினாலே நாலு மணி நேரத்துக்கு மேல். இந்தப் பூங்கா 2019-இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. அங்கே பெரும்பாலும் ஃபால்யோகுல் என்ற கிளைப் பனியாற்றில் ஏற்றுவார்கள், முகாமிலிருந்து பஸ்ஸில் கூட்டிப்போய்.

மூன்று நாலு நாள் மட்டும் ஐஸ்லாந்தில் இருக்கப் போகிறீர்கள், ரெய்க்யவிக்கில்தான் தங்கல் என்றால் யோசிக்காமல் சோல்ஹெய்மாயோகுல். கார் ஓட்ட மாட்டீர்கள் என்றாலும் இதுதான், ஏனென்றால் தலைநகரிலிருந்தே ஹோட்டல் பக்கத்து நிறுத்தத்தில் ஏற்றிக்கொண்டு வழியில் உள்ள இரண்டு அருவிகளையும் காட்டி, பனியாறும் நடத்தி, ராத்திரி கொண்டுவந்து விடுகிற ஒருநாள் பஸ் பயணங்கள் உண்டு. நாட்டைச் சுற்றிவருகிற திட்டம் இருந்து, ஒரு ராத்திரியாவது தென்கிழக்கில் தங்குவதானால் ஸ்காஃப்தாஃபெல்லை எடுங்கள். அங்கே மேலே நிமிர்ந்து பார்த்தால் ஐஸ் அருவி மாதிரி உடைந்து உடைந்து இறங்குவது தெரியும், அந்தக் காட்சி சோல்ஹெய்மாயோகுலில் கிடைக்காது. ரெய்க்யவிக்கிலிருந்து ஒரே நாளில் ஸ்காஃப்தாஃபெல் போய்த் திரும்புகிறேன் என்று கிளம்பாதீர்கள். ஒன்பது மணி நேரம் கார் ஓட்டுவதற்கு நடுவில் ஒரு நடை, அதில் ரசிக்க என்ன இருக்கிறது?

பதிவு செய்யும்போது விளம்பரப் படத்தைப் பார்க்காமல் கீழே சின்ன எழுத்தில் இருப்பதைப் படியுங்கள். மூன்று மணி நேர நடை என்று போட்டிருந்தால் ஐஸ் மேல் இருப்பது ஒன்று, ஒன்றரை மணி நேரம்தான். மீதி நேரம் கருவிகளை மாட்டுவதிலும், கல்லும் மண்ணுமான பாதையில் ஐஸ் வரைக்கும் போய் வருவதிலும் கழிந்துவிடும். இது ஏமாற்று இல்லை, எல்லோரும் அப்படித்தான் கணக்குச் சொல்கிறார்கள், தெரிந்துகொண்டு போனால் மனத்தாங்கல் வராது. முதல்முறைக்கு இந்த மூன்று மணி நேரமே போதும். ஐந்து மணி நேர நடை, ஐஸ் சுவரில் கயிறு கட்டி ஏறுவது சேர்ந்த நடை எல்லாம் உண்டு. அதில் உடம்பு நிஜமாகவே வேலை செய்ய வேண்டியிருக்கும், அதுவும் சுவர் ஏறியவருக்கு மறுநாள் முன்னங்கை டம்ளரைத் தூக்காது. கட்டணம் ஆளுக்குப் பத்தாயிரம் ஐஸ்லாந்து க்ரோனாவுக்கு மேலிருந்து இருபதாயிரத்துக்குள் இருக்கும், கிராம்பான் (ஷூவுக்கு அடியில் மாட்டுகிற இரும்புப் பல்), ஹெல்மெட், ஹார்னஸ் (இடுப்பில் மாட்டுகிற பெல்ட்), ஐஸ் கோடரி இவையெல்லாம் வழக்கமாக அதிலேயே சேர்த்தி. பூட்ஸும் மழைக் கோட்டும் தனி வாடகை, அதைப் பதிவு செய்யும்போதே டிக் செய்துவிடுங்கள், அங்கே போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டவர்கள் கதையை மேலே சொல்லிவிட்டேன்.

ஒரு வழிகாட்டிக்கு எத்தனை பேர் என்று கேட்டு எழுதுங்கள். பதினைந்துக்கு மேல் சொன்னால் நான் வேறு ஆளைப் பார்ப்பேன். ஐஸ்லாந்து மலை வழிகாட்டிகள் சங்கம் 'ஹார்ட் ஐஸ்' என்று ஒரு பயிற்சிச் சான்று தருகிறது, எங்கள் வழிகாட்டிகள் அதை முடித்தவர்கள் என்று நிறுவனம் தானாகவே சொல்லியிருந்தால் நல்லது.

ஐஸ் குகைப் பயணம் என்பது வேறு. நிறைய பேர் இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள். குகைக்குள் போவது பொதுவாக நவம்பர் முதல் மார்ச் வரை நடக்கிற விஷயம், குளிரில் ஐஸ் இறுகியிருக்கும்போது. 2024 ஆகஸ்டில் பிரெய்தாமெர்குர்யோகுலில் கோடைக்காலப் பயணம் ஒன்றில் ஐஸ் இடிந்து விழுந்து ஒரு சுற்றுலாப் பயணி இறந்தார். கோடையில் குகை காட்டுகிறேன் என்று யார் கூப்பிட்டாலும் இரண்டு முறை யோசியுங்கள்.

பனியாற்று நடை வருடம் முழுக்க உண்டு. கோடையில் பகல் முடிவே இல்லாமல் நீளும், சாயங்காலம் ஐந்து மணி நடைக்குக்கூடப் பதிவு செய்யலாம், கூட்டம் குறைவாக இருக்கும். மேல்பரப்பு உருகி மணல்மணலாகக் கரகரப்பாக இருப்பதால் கால் நன்றாகப் பிடிக்கும், ஆனால் எரிமலைச் சாம்பல் படிந்து கொஞ்சம் அழுக்காகத் தெரியும். டிசம்பரில் ரெய்க்யவிக்கில் பகல் வெளிச்சமே நாலு மணி நேரம் சொச்சம்தான். ஐஸ் நீலமாக, சுத்தமாக இருக்கும், சாலை பயமுறுத்தும். என்னைக் கேட்டால் முதல்முறை போகிறவருக்குச் செப்டம்பர். சாலை ஓட்டும்படி இருக்கும், ராத்திரி இருட்டும் என்பதால் அதிர்ஷ்டமிருந்தால் வடதுருவ ஒளியையும் பார்க்கலாம்.

உடம்பில் என்ன, காலில் என்ன

பருத்தியை விட்டுவிடுங்கள். நம் ஊர் வெயிலுக்குப் பருத்தியை மிஞ்ச ஆளில்லை, அங்கே அதுதான் எதிரி. நனைந்தால் காயாது, காயாவிட்டால் உடம்புச் சூட்டை உறிஞ்சிக்கொண்டே இருக்கும். உள்ளே ஒட்டினாற்போல் ஒரு தெர்மல், கம்பளியோ பாலியெஸ்டரோ. அதற்கு மேல் ஒரு ஃப்ளீஸ் அல்லது கம்பளி ஸ்வெட்டர். எல்லாவற்றுக்கும் மேல் காற்றும் தண்ணீரும் உள்ளே போகாத ஜாக்கெட், அதேபோல் ஒரு பேன்ட். இவ்வளவுதான். இதற்கென்று விலை உயர்ந்த பிராண்டுக்குப் போக வேண்டாம், சென்னையிலோ கோவையிலோ டெகத்லான் கடையில் தெர்மலும் ஃப்ளீஸும் வாங்கி, வெளி ஜாக்கெட்டை அங்கே வாடகைக்கு எடுத்தால் செலவு பாதிதான். நடக்கும்போது வேர்க்கும், நின்று வழிகாட்டி கதை சொல்லும்போது குளிரும், அதனால் ஒரே தடி கோட்டைவிட கழற்றி மாட்டக்கூடிய மூன்று மெல்லிய துணி மேல். கோடையில் தென்கரையில் வெப்பநிலை பத்துப் பன்னிரண்டு டிகிரியைச் சுற்றித்தான் இருக்கும், கேட்க ஊட்டி மாதிரி இருக்கிறதே என்று தோன்றும். ஊட்டியில் இந்தக் காற்று கிடையாது.

ஜீன்ஸ் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டுமா? வேண்டாம்.

குரங்குக் குல்லா போட்டுப் போனால் யாரும் சிரிக்க மாட்டார்கள், ஹெல்மெட்டுக்குள் அது கச்சிதமாக அடங்கும். உச்சியில் பஞ்சுப் பந்து வைத்த குல்லாதான் அடங்காது, அதைப் போட்டோவுக்கு வைத்துக்கொள்ளுங்கள். கையுறை கட்டாயம், ஜூலையிலும் கட்டாயம். குளிருக்காக மட்டும் இல்லை, ஐஸின் மேல்பரப்பு உடைந்த கண்ணாடி மாதிரி, தடுமாறிக் கையை ஊன்றினால் உள்ளங்கை கிழிந்துவிடும். வெயில் அடித்தால் கூலிங் கிளாஸும் சன்ஸ்கிரீனும் தேவை, வெளிச்சம் கீழேயிருந்தும் அடிக்கும் என்பதால் மூக்குக்கு அடியில், தாடைக்கு அடியில் எல்லாம் தடவுங்கள். துப்பட்டா, தொங்குகிற மப்ளர், காலடியில் புரளுகிற அகலமான பேன்ட் எல்லாவற்றையும் காரிலேயே விட்டுவிடுங்கள். கிராம்பானின் பல் துணியில் மாட்டினால் குப்புற விழுவதைத் தவிர வேறு வழியில்லை.

பூட்ஸ் விஷயத்தில் மட்டும் பிடிவாதமாக இருங்கள். கணுக்கால் மூடியிருக்க வேண்டும், அடிப்பாகம் கையால் வளைத்தால் சுலபமாக வளையக் கூடாது. கிராம்பான் என்பது இரும்பு, அது மாட்டுகிற ஷூ வளைந்துகொடுத்தால் நடக்க நடக்கக் கழன்று வரும். சொந்த டிரெக்கிங் பூட்ஸ் இருந்தால் அதைவிட நல்லது இல்லை, ஆனால் ஊரில் பத்துப் பதினைந்து நாள் போட்டு நடந்து பழக்கியிருக்க வேண்டும். வாடகைக்கு எடுப்பதானால் ஐரோப்பிய அளவு எண்ணைத் தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள், தடித்த சாக்ஸோடு போடப் போவதால் அரை அளவு பெரிதாகக் கேளுங்கள். நம் பெண்களில் பலருக்கு 35, 36 அளவுதான் பொருந்தும், அது எல்லா இடத்திலும் இருக்காது, மெயிலில் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். போட்டுப் பார்க்கும்போது நின்று பார்த்தால் போதாது. ஒரு சரிவில் இறங்குவது மாதிரி முன்பக்கம் சாய்ந்து, விரல் நுனி இடிக்கிறதா என்று பாருங்கள். மாற்று சாக்ஸ் ஒன்று பையில்.

விசா, காப்பீடு பற்றி வேகமாகச் சொல்லிவிடுகிறேன். ஐஸ்லாந்து ஷெங்கன் நாடு, இந்தியப் பாஸ்போர்ட்டுக்கு ஷெங்கன் விசா வேண்டும், பெரியவர்களுக்குக் கட்டணம் 2024 ஜூனிலிருந்து 90 யூரோ. விசாவுக்குக் கேட்கிற 30,000 யூரோ மருத்துவக் காப்பீட்டை எல்லோரும் எடுப்பார்கள், ஆனால் அந்தப் பாலிசியில் சாகச விளையாட்டுகள் விலக்கு என்ற வரி இருக்கிறதா, பனியாற்று நடை அதில் வருகிறதா என்று யாரும் பார்ப்பதில்லை. பாருங்கள். இருந்தால் கொஞ்சம் கூடக் கொடுத்து அதைச் சேர்த்துக்கொள்ளலாம்.

அப்புறம் கார். வலதுபக்கம் ஓட்ட வேண்டும், பகலிலும் ஹெட்லைட் எரிய வேண்டும், தார்ச்சாலையில் 90 கி.மீ.தான் உச்சம். காற்று அடிக்கும்போது கதவை இரண்டு கையாலும் பிடித்துத் திறங்கள், விட்டால் கதவு முன்பக்கமாக மடங்கிவிடும், அந்தச் சேதத்தைப் பெரும்பாலான வாடகைக் காப்பீடுகள் ஏற்பதில்லை. கிளம்புகிற நாள் காலையில் வானிலை அலுவலகத்தின் தளத்தையும் சாலை நிலவரத் தளத்தையும் பார்த்துவிட்டு ஏறுங்கள். மஞ்சள் எச்சரிக்கை என்றால் வழிகாட்டி நிறுவனத்துக்கு ஒரு போன், ஆரஞ்சு என்றால் அன்று வேறு வேலை பாருங்கள். புயல் காற்றுக்காக அவர்களே ரத்து செய்தால் பணம் திரும்பும் அல்லது வேறு நாள் தருவார்கள். அந்த வேறு நாள் உங்களிடம் இருக்க வேண்டும் என்பதால், ஊர் திரும்புவதற்கு முந்தின நாளில் பனியாற்றை வைக்காதீர்கள், முதல் இரண்டு நாளுக்குள் வையுங்கள்.

போகிற வழியில் செல்யலாண்ட்ஸ்ஃபோஸ் என்ற அருவி வரும். அதன் பின்பக்கமாகவே நடந்து போகலாம், குற்றாலத்தில் நின்ற மாதிரி தலையோடு நனையலாம், ரொம்ப அழகு. நடையை முடித்துத் திரும்பும்போது அங்கே போங்கள். போகும்போது இறங்கி, தெர்மல் வரைக்கும் நனைந்து, பல் கிட்டிக்கொண்டு பனியாற்றுக்கு வந்த ஒரு குடும்பத்தைப் பார்த்தேன். சொன்ன நேரத்துக்கு அரை மணி முன்னால் போய்ச் சேருங்கள், கழிப்பறையை அங்கேயே முடித்துக்கொள்ளுங்கள், மேலே ஒன்றும் கிடையாது. வயிற்றில் ஏதாவது இருக்க வேண்டும், சுத்த சைவம் என்றால் வழியில் நம்பி நிற்காமல் ரெய்க்யவிக் சூப்பர் மார்க்கெட்டிலேயே ரொட்டியும் வேர்க்கடலை வெண்ணெயும் வாங்கிக்கொள்வது நல்லது. கடலை மிட்டாய் ஊரிலிருந்து எடுத்துப் போயிருந்தேன், வழிகாட்டிக்கு ஒன்று கொடுத்தேன், பெயரை மூன்று முறை கேட்டுக்கொண்டார்.

ஐஸ் மேல் கால் வைத்த பிறகு

முதலில் ஒரு படிவத்தில் கையெழுத்து. மூட்டுவலி, ஆஸ்துமா, இதயக் கோளாறு, கர்ப்பம் எதுவாக இருந்தாலும் அங்கே மறைக்காமல் சொல்லுங்கள், அனுப்ப மாட்டார்களோ என்ற பயத்தில் மறைப்பவர்கள்தான் நடுவழியில் மாட்டிக்கொள்கிறார்கள். குழந்தைகளுக்கு வயது வரம்பு நிறுவனத்துக்கு நிறுவனம் மாறும், பெரும்பாலும் எட்டு அல்லது பத்து வயதிலிருந்து விடுவார்கள். அப்பா அம்மாவைக் கூட்டிப்போவதானால் ஏறுவதைப் பற்றி யோசிக்காதீர்கள், இறங்கும்போது முழங்கால் தாங்குமா என்பதைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

இடுப்பில் ஹார்னஸ் மாட்டுவார்கள். புதியவர்களின் நடையில் சாதாரணமாகக் கயிறு கட்ட மாட்டார்கள், பிறகு எதற்கு இந்த பெல்ட் என்று தோன்றும். யாராவது பிளவுக்குள் விழுந்தால் கயிறு மாட்டித் தூக்குவதற்கு ஒரு பிடி வேண்டும், அதற்குத்தான். ஐஸ் கோடரியும் கையில் தருவார்கள். உண்மையைச் சொன்னால் அந்த நடையில் அதன் முக்கிய உபயோகம் போட்டோ. கைத்தடி மாதிரி தலைப்பாகத்தைப் பிடித்து, கூர்முனை பின்பக்கம் பார்க்க வைத்து நடங்கள், தோளில் சாய்த்துக்கொண்டு திரும்பினால் பின்னால் வருகிறவர் முகத்துக்கு ஆபத்து.

சோல்ஹெய்மாயோகுலில் கார் நிறுத்துமிடத்திலிருந்து ஐஸ் வரைக்கும் இருபது முப்பது நிமிடம் கல்பாதை. ஒருகாலத்தில் இவ்வளவு தூரம் இல்லை. ஐஸ் பின்வாங்கிக்கொண்டே போகிறது, அது விட்டுப்போன பள்ளத்தில் இப்போது ஒரு ஏரியே நிற்கிறது. பக்கத்து ஊரான ஹ்வோல்ஸ்வெட்லூரின் பள்ளி மாணவர்கள் 2010-இலிருந்து வருடாவருடம் வந்து ஐஸ் எவ்வளவு பின்னால் போயிருக்கிறது என்று அளக்கிறார்கள். பாதையில் நடக்கும்போது அழுகின முட்டை வாசனை அடிக்கலாம், பயப்படாதீர்கள், கந்தகம். இங்கிருந்து கிளம்புகிற ஆற்றுக்கு உள்ளூரில் நாற்ற ஓடை என்று பொருள்படும் ஒரு செல்லப்பெயரே உண்டு. மேலே மிர்தால்ஸ்யோகுல் என்ற பெரிய ஐஸ் மூடியின் அடியில் காட்லா எரிமலை உட்கார்ந்திருக்கிறது, அதன் வாசனைதான் தண்ணீரோடு இறங்கி வருகிறது. கடைசியாகப் பெரிதாக வெடித்தது 1918-இல்.

ஐஸ் விளிம்பில் கிராம்பான் மாட்டச் சொல்வார்கள். பத்துப் பன்னிரண்டு இரும்புப் பல் உள்ள செருப்பு மாதிரிதான். இடது வலது பார்த்து மாட்டுங்கள், பக்கிள் இரண்டு காலிலும் வெளிப்பக்கம் வர வேண்டும், உள்பக்கம் வந்தால் ஒரு காலின் பல் மறு காலின் பக்கிளில் மாட்டும். வாரின் மிச்சத்தைத் தொங்கவிடாமல் சொருகுங்கள். வழிகாட்டி ஒவ்வொருவர் காலையும் தொட்டு இழுத்துப் பார்ப்பார், பார்க்காமல் கிளம்பினால் நீங்களே கூப்பிட்டுக் காட்டுங்கள். பத்து நிமிடம் நடந்த பிறகு வார் கொஞ்சம் தளரும், அப்போது ஒருமுறை இறுக்கிக்கொள்ளுங்கள்.

நடையில் மறக்க வேண்டியது ஒன்றே ஒன்று, குதிகாலை முதலில் வைக்கிற நம் வழக்கம். பாதம் முழுவதும் ஒரே நேரத்தில், தட்டையாக, கொஞ்சம் மிதித்த மாதிரி விழ வேண்டும், அப்போதுதான் எல்லாப் பல்லும் ஐஸில் இறங்கும். கால்களுக்கு நடுவில் ஒரு சாண் இடைவெளி. காலை இழுக்காமல் தூக்கி வையுங்கள், சேற்று வயலில் நடக்கிறவர் காலை எடுத்து எடுத்து வைப்பார் இல்லையா, அதேதான். ஏறும்போது பாதங்களை வாத்து மாதிரி வெளிப்பக்கம் திருப்புங்கள். இறங்கும்போதுதான் எல்லோரும் தப்பு செய்கிறோம். பயத்தில் உடம்பு தானாகப் பின்னால் சாயும், பின்னால் சாய்ந்தால் குதிகால் பல் மட்டும் பிடிக்கும், வழுக்கும். முழங்காலை மடக்கி, நாற்காலியில் பாதி உட்கார்ந்த மாதிரி, கால்விரல் பள்ளத்தைப் பார்க்க, சின்னச் சின்ன அடியாக இறங்குங்கள். முதல் சரிவில் மனசு நம்பாது. மூன்றாவது சரிவில் இரும்புப் பல்லின் மேல் நம்பிக்கை வந்துவிடும், பிறகு ஓடத் தோன்றும். ஓடாதீர்கள்.

வழிகாட்டியின் பின்னால் ஒற்றை வரிசை, அவர் கால் வைத்த இடத்திலேயே கால். பிளவுக்குள் எட்டிப் பார்க்க ஆசையாக இருந்தால் சொல்லுங்கள், அவர் நின்று கையையோ ஹார்னஸையோ பிடித்துக்கொண்டு காட்டுவார். நான் பார்த்தவரைக்கும் ஆபத்தான தருணம் எல்லாமே போட்டோ எடுக்கும்போதுதான் வருகிறது. எல்லோரும் ஃப்ரேமுக்குள் வர வேண்டும் என்று எடுக்கிறவர் திரும்பிப் பார்க்காமல் இரண்டு அடி பின்னால் போவார். பின்னால் போகாதீர்கள், அவர்களை நெருங்கி நிற்கச் சொல்லுங்கள். போனுக்குக் கழுத்துக் கயிறு போட்டுக்கொள்ளுங்கள், பிளவில் விழுந்த போன் போனதுதான், அதற்காக யாரும் இறங்க மாட்டார்கள். குளிரில் பேட்டரி வேகமாகச் சாயும், எடுக்காத நேரத்தில் உள்பையில் உடம்போடு ஒட்டி வையுங்கள்.

கண்ணுக்கு என்ன கிடைக்கும் என்றால், முதலில் ஏமாற்றம்தான். பளீர் வெள்ளையை எதிர்பார்த்துப் போவோம், கறுப்புக் கோடு கோடாக, சிமெண்ட் கொட்டின மாதிரி இருக்கும். அத்தனையும் எரிமலைச் சாம்பல். பக்கத்து மலையான எய்யாஃப்யாட்லயோகுல் 2010-இல் வெடித்து ஐரோப்பாவின் விமானங்களை எல்லாம் நாள்கணக்கில் நிறுத்தியது நினைவிருக்கும். சாம்பல் மெல்லிசாகப் படிந்தால் வெயிலை இழுத்து ஐஸை உருக்கும், தடிமனாகப் படிந்தால் போர்வை மாதிரி மூடி உருகவிடாது. அதனால் சுற்றியுள்ள ஐஸ் உருகிக் கீழே போக, சாம்பல் மூடின இடம் மட்டும் கறையான் புற்று மாதிரி கூம்பாக நிற்கும். மண்மேடு என்று நினைப்பீர்கள், கோடரியால் லேசாகத் தட்டினால் ஒரு விரல்கடை சாம்பலுக்கு அடியில் கண்ணாடி ஐஸ். எனக்கு அந்த முழு நடையில் மறக்க முடியாதது அதுதான், நீலக் குழிகள்கூட இரண்டாவதுதான்.

நீலம் ஏன் என்று குழந்தைகள் கேட்பார்கள். ஐஸ் வெளிச்சத்தின் சிவப்பைக் கொஞ்சம் கொஞ்சமாக விழுங்குகிறது. அழுந்தி அழுந்திக் காற்றுக் குமிழ் இல்லாமல் போன ஐஸில் வெளிச்சம் ஆழமாகப் போய்த் திரும்புவதால் நீலம் மட்டும் மிஞ்சி வருகிறது. மேல்பரப்பு வெயிலில் பொரிந்து குமிழாகி வெள்ளையாகத் தெரியும். அதனால் மழை நாளில் நடை கிடைத்தால் சலித்துக்கொள்ளாதீர்கள், மழை மேல்தோலைக் கழுவியபின் நீலம் நன்றாகத் தெரியும். உருகின தண்ணீர் சுழன்று இறங்குகிற கிணறு மாதிரியான ஓட்டைகளும் இருக்கும், காது வைத்தால் அடியில் ஆறு ஓடுவது கேட்கும். வழிகாட்டி சரி என்று காட்டிய ஓடையில் பாட்டிலை நிரப்பிக் குடிக்கலாம், அவர் காட்டாத இடத்தில் வேண்டாம்.

இறங்கியதும் செய்ய வேண்டியது ஒன்று பாக்கி. ஈர சாக்ஸை மாற்றிக்கொண்டு, அருகிலிருக்கிற விக் ஊரின் பொது நீச்சல் குளத்துக்குப் போங்கள். ஐஸ்லாந்தில் சின்ன ஊரில்கூட இப்படி வெந்நீர்த் தொட்டியோடு ஒரு குளம் இருக்கும், கெண்டைக்கால் பிடிப்புக்கு அதைவிட நல்ல மருந்து இல்லை. ஒரே நிபந்தனை, குளத்தில் இறங்குமுன் ஆண்கள் பகுதியிலும் பெண்கள் பகுதியிலும் பொதுக் குளியலறையில் துணியில்லாமல் சோப்புப் போட்டுக் குளித்துவிட்டுத்தான் நீச்சல் உடை மாட்ட வேண்டும், சுவரில் படம் போட்டு எழுதியிருப்பார்கள், யாருக்கும் விலக்கில்லை. மூன்று மணி நேரம் பிளவுகளைத் தாண்டி வந்தபோது வராத தயக்கம் எனக்கு அந்த ஷவருக்கு முன்னால்தான் வந்தது. நானும் என் நண்பனும் பத்து நிமிடம் லாக்கரைத் திறப்பது மூடுவது மாதிரி நடித்துக்கொண்டு நின்றோம், எழுபது வயதுக்கு மேலிருக்கும் ஒரு உள்ளூர்த் தாத்தா எங்களைத் தாண்டி விசில் அடித்துக்கொண்டே போனார்.